மரப்பட்டையில் ஓர் எழுத்து

திருகோணமலைக் கடற்கரை வீதியாகட்டும், உப்புவெளிப் பக்கத்துத் தென்னந்தோப்பாகட்டும், பிரட்றிக் கோட்டைக்குள்ளே புள்ளிமான்கள் நிழலுக்கு ஒதுங்கும் பெருமரங்களாகட்டும், எங்கே ஓர் அடிமரத்தை உற்று நோக்கினாலும் அதன் பட்டையிலே வெண்மையும் சாம்பல் நிறமும் கலந்த திட்டுக்கள் படர்ந்திருக்கக் காணலாம். சில திட்டுக்கள் காசளவு, சில உள்ளங்கையளவு, வேறு சில ஒன்றோடொன்று நெருங்கி, இடையிலே மெல்லிய கறுப்புக் கோட்டினால் எல்லை வகுத்துக்கொண்டு, தேசப்படம் வரைந்தாற்போல மரத்தின் ஒரு பக்கம் முழுவதையும் மூடி நிற்கும்.

மனிதர் தோலிலே தேமல் படர்ந்தாற்போன்ற இத்தோற்றத்தைக் கண்டு, மரத்துக்கு ஏதோ நோய் வந்துவிட்டது என்று அஞ்சாத வீட்டுக்காரர் குறைவு. தேங்காய்த் தும்பினால் தேய்ப்பாரும், கத்தி முனையாற் சுரண்டுவாரும், துருசு கரைத்துப் பூசுவாரும் உளர். ஒன்றும் பலிக்காதபோது சுண்ணாம்பை அடித்து மறைத்துவிட்டு மனஅமைதி பெறுவோரும் உளர். இதற்கு என்ன மருந்து என்று நம்மைக் கேட்போருக்கு, மருந்து ஒன்றும் வேண்டாம், சுரண்டவும் வேண்டாம் என்பதே நமது விடை. சுருக்கமான இவ்விடையை நம்பச் செய்வதற்குச் சற்று விரிவாகவே பேசவேண்டியிருக்கிறது.

பள்ளிக்கூடப் புத்தகங்கள் இதற்கு இலைக்கன் என்று பெயர் சொல்லும். பெயரிலே இலை இருக்கிறதே என்று மயங்க வேண்டாம். பிறமொழிச் சொல்லைத் தமிழ் ஓசைக்கு இசைத்ததனால் வந்த இலை அது. வேரும் இலையும் பூவும் இதற்கு இல்லை. பார்வைக்கு ஒன்றாகத் தோன்றினாலும் உண்மையிலே இஃது ஓருயிர் அன்று. ஒரு பங்கசும் ஓர் அல்காவும் கூடி நடத்தும் குடித்தனம். பங்கசு என்பது நம் வீட்டுப் பழஞ்சோற்றிலும் ஈரச் செருப்பிலும் படரும் பூஞ்சணத்தின் இனம். தானே உணவு சமைக்க அறியாதது. அல்கா என்பது குளத்துப் பாசியின் இனம். சூரிய ஒளியைக் கொண்டு சர்க்கரை ஆக்க வல்லது, ஆனால் உலர்ந்த பட்டையிலே தனியே நின்று வெயிலைத் தாங்குவது அதற்கு அரிது. பங்கசு தன் நூலிழைகளால் கூரை வேய்ந்து கொடுக்கிறது. அல்கா உள்ளேயிருந்து சமைத்துப் போடுகிறது. 1867ஆம் ஆண்டிலே சுவிற்சர்லாந்து நாட்டு ஷ்வெண்டெனர் என்னும் தாவரவியலார் இதனை முதன்முதல் எடுத்துரைத்தபோது, இலைக்கன் ஆராய்ச்சியிலே பேர்பெற்றிருந்தோர் பலரும் அவரை எள்ளி நகையாடினர். தாம் ஆயுள் முழுவதும் தனித்தனி இனமாகப் பெயரிட்டு வந்தவை வெறும் கூட்டுக் குடித்தனங்களே என்று கேட்க எவருக்குத்தான் மனம் வரும்? 2016ஆம் ஆண்டிலோ, இலைக்கன்கள் பலவற்றின் மேற்தோலிலே மதுவத்தின் இனமான இன்னொரு பங்கசும் குடியிருப்பதாக ஆராய்ச்சியாளர் அறிவித்தனர். வீட்டிலே இன்னும் எத்தனை பேர் இருக்கின்றனரோ!

இலைக்கன்கள் உலகிலே ஏறக்குறைய இருபதினாயிரம் இனம் உண்டு. அவற்றைத் தோற்றத்தால் மூன்றாகப் பகுப்பது வழக்கம். சிறு செடிபோலக் கிளைத்துத் தொங்குவன ஒரு வகை. இலைபோல விளிம்பு நிமிர்ந்து படர்வன மற்றொரு வகை. தமிழ்நாட்டிலே செட்டிநாட்டுச் சமையலுக்கு மணம் ஊட்டும் கல்பாசி இவ்வகையைச் சேர்ந்தது. மூன்றாவது வகையே நாம் எடுத்துக்கொண்ட பொருள். அது பொருக்குப்போலப் பட்டையோடு பட்டையாக ஒட்டிக் கிடக்கும். நகத்தால் உரித்தெடுக்க முயன்றால் பட்டையும் சேர்ந்து பெயருமேயன்றி இலைக்கன் தனியே வராது.

பொருக்கு இலைக்கன்களிலே நம் நாட்டைப் போன்ற வெப்ப நாடுகளுக்கு உரிய பெருங்குடும்பம் ஒன்று இருக்கிறது. கிராபிடேசியே என்பது அதன் பெயர். இரண்டாயிரத்துக்கு மேற்பட்ட இனங்கள் அதில் அடங்கும். எழுதுதல் என்னும் பொருளுடைய கிரேக்கச் சொல்லிலிருந்து பிறந்த பெயர் அது. காரணத்தை அறிய விரும்புவோர் கைவில்லை ஒன்றை எடுத்துக்கொண்டு வழவழப்பான பட்டையுள்ள மரமொன்றின் அருகே செல்லுதல் வேண்டும். வெள்ளைத் திட்டின்மேல் கறுப்பு மையினாலே கிறுக்கினாற்போலச் சிறு கோடுகள் தோன்றும். சில நேராக, சில வளைந்து, சில கிளைவிட்டு, இறந்துபோன ஏதோ ஒரு பாஷையின் எழுத்தோ என எண்ணும்படி இருக்கும். ஒவ்வொரு கோடும் இரு கறுப்பு உதடுகளுக்கிடையே உள்ள பிளவு. அதனுள்ளேதான் பங்கசின் வித்திகள் விளைகின்றன. லின்னேயசு 1753ஆம் ஆண்டிலே ஐரோப்பிய இனம் ஒன்றுக்கு 'எழுதப்பட்டது' என்று பொருள்படவே பெயரிட்டார். நம் ஊர் மரங்களிலுள்ளவை அதன் உறவினர். இது இன்ன இனம் என்று துணிந்து சொல்ல வித்தியின் வடிவத்தை நுணுக்குக்காட்டியிலே பார்க்கவேண்டும். இரசாயனப் பரிசோதனையும் வேண்டும். ஆகவே நாம் எழுத்து இலைக்கன் என்ற பொதுப் பெயரோடு அமைகின்றோம்.

இக்குடும்பத்தோடு கூடிவாழும் அல்காவும் ஒரு வேடிக்கையான பொருள். பெயரளவில் பச்சை அல்கா, நிறத்தாலோ செம்மஞ்சள். மாரி காலத்திலே பழைய மதில்களிலும் மரங்களிலும் காவி தீட்டியது போலப் படர்வது பெரும்பாலும் இவ்வினமே. வெள்ளைத் திட்டின் ஓரத்தை ஊசி முனையால் மெல்லக் கீறினால் உள்ளே மஞ்சளோ இளம்பச்சையோ தெரிவதுண்டு. ஒரு முறை கீறிப் பார்த்தாற் போதும். வகுப்பிலுள்ள நாற்பது பேரும் தனித்தனியே கீறவேண்டியதில்லை.

இனி, மரத்துக்குக் கேடு உண்டா என்ற கேள்விக்கு வருவோம். எழுத்து இலைக்கனின் இழைகள் பட்டையின் புறத்தேயுள்ள இறந்த படையிலே மட்டும் நுழைகின்றன. மரத்தின் சாறு ஓடும் உயிருள்ள பாகத்தை அவை நாடுவதில்லை. அவற்றின் உணவு ஒளியிலிருந்தும், நீர் மழையிலும் பனியிலுமிருந்தும், உப்புச் சத்துக்கள் காற்றிலே வரும் தூசியிலிருந்தும் கிடைத்துவிடுகின்றன. சுவரிலே ஒட்டிய விளம்பரத்தாள் வீட்டுக்காரனின் சோற்றை உண்பதில்லை அன்றோ?

அப்படியானால் நலிந்த மரங்களிலேதானே இத்திட்டுக்கள் மிகுதியாகக் காணப்படுகின்றன என்று கேட்பார்கள். கேள்வி நியாயமானதே, ஆனால் காரணமும் காரியமும் இங்கே இடம் மாறிவிட்டன. மரம் நலிந்தால் இலை உதிர்கிறது. இலை உதிர்ந்தால் அடிமரத்துக்கு வெயில் கிடைக்கிறது. வெயில் கிடைத்தால் இலைக்கன் செழிக்கிறது. மரம் பருத்து வளரும் வேகம் குறைந்தால் பழம்பட்டை உரியாமல் நிலைத்து நிற்பதும் அதற்கு வாய்ப்பாகிறது. நோயின் பின்னே வந்த விருந்தாளியை நோய் என்று பிடித்து அடிப்பதனால் உண்மையான நோய் தப்பிவிடுகிறது. தென்னையின் அடிமரத்திலே வெடிப்பு உண்டாகிச் செங்கபில நிறமான சாறு வடியுமாயின் அதற்கே வைத்தியம் தேடவேண்டும். பக்கத்திலிருக்கும் வெள்ளைத் திட்டைச் சுரண்டி ஒரு பயனும் இல்லை. சுரண்டுவோர் பட்டையையும் காயப்படுத்திப் பூச்சிக்கும் பூஞ்சணத்துக்கும் வாசல் திறந்து விடுகின்றனர் என்பது வேறு.

விதிவிலக்கு ஒன்று உண்டு. அது பட்டையில் அன்று, இலையில். மா, தேயிலை முதலியவற்றின் இலைகளிலே செம்புள்ளி உண்டாக்கும் செபலூரொசு என்னும் அல்கா மெய்யாகவே ஒட்டுண்ணி. அதனைப் பங்கசு ஒன்று சூழ்ந்துகொள்ளும்போது ஸ்ரிகுலா என்னும் இலைக்கன் உண்டாகிறது. இதன் வாழ்க்கையை விளக்கியவர் மார்ஷல் வார்ட். கோப்பித் தோட்டங்களை அழித்த இலைநோயை ஆராய்வதற்காக 1880ஆம் ஆண்டிலே இலங்கைக்கு வந்த இளைஞர் அவர். இரண்டாண்டு இங்கே தங்கினார். கோப்பியைக் காப்பாற்ற அவரால் இயலவில்லை. ஆயினும், வெப்பநாட்டு இலைகளில் வாழும் இலைக்கன் பற்றி அவர் 1884இல் வெளியிட்ட கட்டுரை இன்றும் மதிக்கப்படுகிறது.

திருகோணமலை மரத்துக்குத் திரும்புவோம். இங்கே ஆண்டு மழை சராசரியாக 1,500 மில்லிமீற்றருக்குச் சற்று மேல். அதிலே பெரும்பகுதி ஐப்பசி தொடங்கித் தை வரை வாடையோடு வந்து கொட்டித் தீர்ந்துவிடும். பின்னர் கச்சான் வீசும் மாதங்களிலே புல் கருகும், குளம் வற்றும், மாடு நாக்கை நீட்டும். அப்போது இலைக்கன் என்ன செய்கிறது? ஒன்றுமே செய்வதில்லை, அதுவே அதன் திறமை. நீர் முழுவதையும் இழந்து, சருகினும் உலர்ந்து, மூச்சை ஏறக்குறைய நிறுத்திக் கிடக்கிறது. பனியிலோ தூறலிலோ நனைந்த சில நிமிடங்களுக்குள்ளே உயிர் பெற்று மறுபடி சமைக்கத் தொடங்குகிறது. இந்த உறக்கம் எவ்வளவு உறுதியானது என்பதை அறிய 2005ஆம் ஆண்டிலே விண்ணில் ஒரு பரீட்சை நடந்தது. மலைப்பாறையில் வளரும் பொருக்கு இலைக்கன் ஒன்றையும் அதன் தோழமை இனம் ஒன்றையும் இரஷ்ய விண்கலத்தில் ஏற்றி, காற்றில்லா வெளியிலும் சூரியனின் கடுங்கதிரிலும் ஏறக்குறைய இரண்டு வாரம் திறந்து வைத்தனர். பூமிக்குத் திரும்பிய பின் நீர் தெளித்தபோது அவை பழையபடி இயங்கின. கச்சான் காற்று அவற்றுக்கு எம்மாத்திரம்!

உறங்கும் காலம் நீண்டதாகையால் வளரும் வேகம் மிகக் குறைவு. பொருக்கு இலைக்கன்களிலே பல ஆண்டுக்கு ஒரு மில்லிமீற்றர் அளவே விரியும். உள்ளங்கையகலத் திட்டு ஒன்று, அதைச் சுரண்டப் புறப்பட்ட பிள்ளையைவிட மூத்ததாக இருத்தல் கூடும். சீனக்குடாவிலே இரண்டாம் உலக யுத்தத்துக்கு முன் பிரித்தானியர் கட்டிய எண்ணெய்க் குதங்களைச் சுற்றிப் பல்லாண்டாகக் காடு மூடிக் கிடந்ததை அவ்வழியே சென்றோர் அறிவர். 1942 ஏப்ரல் 9ஆம் திகதி யப்பானிய விமானங்கள் குண்டு வீசிய பின்னர் முளைத்து, முதுமையும் எய்திவிட்ட மரங்கள் அங்கே இருக்கலாம். அத்தகைய மரங்களின் பட்டையிலே மனிதர் தொடாத இலைக்கன்களைத் தேடுதல் தகும்.

இலைக்கனால் என்ன பயன் என்று கேட்கும் மாணவருக்கு, அவர்கள் ஆய்வுகூடத்திலே அமிலத்தில் தோய்த்துப் பார்க்கும் பாசிச்சாயத் தாளை நினைவூட்டுவோம். நம் பாடநூல் எழுதிய பெரியோர் பாசிச்சாயம் என்று பெயர் வைத்தது சும்மா அன்று. அச்சாயம் இலைக்கனிலிருந்து வந்தது. ரொக்செல்லா என்னும் கிளைத்துத் தொங்கும் வகையை அமோனியாவோடு பல வாரம் ஊறவைத்து ஊதாச் சாயம் எடுப்பது பழைய தொழில். அமோனியா கடையில் விலைக்குக் கிடைக்காத காலத்திலே மனித மூத்திரத்தையே பயன்படுத்தினர் என்பதை, குடும்பத்தோடு இருந்து இதனை வாசிப்போர் மன்னிப்பார்களாக. இலங்கைக் கரையோர மரங்களிலிருந்து சேர்க்கப்பட்ட ரொக்செல்லாவும் பத்தொன்பதாம் நூற்றாண்டிலே ஐரோப்பாவுக்குக் கப்பலேறியது. 1856இல் பேர்க்கின் என்னும் ஆங்கில இளைஞர் தாரிலிருந்து செயற்கைச் சாயம் கண்டுபிடித்ததோடு அவ்வியாபாரத்துக்கு இறங்குமுகம் தொடங்கிற்று. நமது எழுத்து இலைக்கனுக்கோ அந்த வியாபார மதிப்பும் இருந்ததில்லை.

எனினும் அறிஞர் அதைக் கைவிடவில்லை. பேராதனைப் பூங்காவின் அதிபராயிருந்த துவெயிற்சு சேகரித்து அனுப்பிய இலைக்கன்களை லெய்ற்றன் என்பவர் ஆராய்ந்து 1870இல் வெளியிட்டார். வட துருவக் கடலைச் சுற்றி வந்த 'வேகா' கப்பல் 1879இன் இறுதியில் இலங்கையைத் தொட்டபோது, அதன் வைத்தியர் அல்ம்குவிசுற்று கரையிறங்கித் திரட்டியவற்றை நைலாண்டர் பெயரிட்டு விளக்கினார். அந்நூல் 1900இல் வெளியாயிற்று. அமெரிக்கரான மேசன் ஹேல் 1981இலே இலங்கைப் பொருக்கு இலைக்கன்களில் ஒரு பெரும் பிரிவை ஆராய்ந்து எழுதினார். நம் காலத்திலே இத்துறையை வளர்த்தவர் இலங்கைப் பெண்மணியான கோதமி வீரக்கோன். 2014இல் அவரும் ஒல்லாந்தரான அப்றூற்றும், இந்நாட்டிலே முன்னர் பதியப்படாத இருநூற்றுக்கு மேற்பட்ட இனங்களை ஒரே கட்டுரையில் அறிவித்தனர். ஒரே முறையில் இருநூறு புதிதாக அகப்படுமாயின் இன்னும் எத்தனை கண்ணிற் படாமல் கிடக்கின்றன என்று எண்ணிப் பாருங்கள். சேகரிப்போரின் கால்கள் பெரும்பாலும் மழைமிக்க மலைநாட்டையே நாடின. கீழ்க்கரையின் பாலையும் வீரையும் முதிரையும், இம்மாவட்டத்தின் பெயரையே ஆங்கிலத்தில் தாங்கிய சவண்டலையும் அதே கவனத்தைப் பெறவில்லை.

மேலே குறித்த நைலாண்டரைப் பற்றி இன்னும் ஒன்று சொல்லவேண்டும். பின்லாந்தில் பிறந்து பாரிசில் வாழ்ந்த அவர், 1866ஆம் ஆண்டிலே அந்நகரத்து லக்சம்பேர்க் பூங்கா மரங்களிலே இலைக்கன்கள் செழித்திருப்பதையும், நகரின் ஏனைய இடங்களிலே அவை அரிதாகியிருப்பதையும் கவனித்து, காற்றின் தூய்மையை அளக்கும் கருவி இதுவே என்று துணிந்தார். முப்பது ஆண்டு சென்றபின் 1896இல், அப்பூங்காவிலும் அவை மறைந்துபோயின என்று அவரே எழுத நேர்ந்தது. நிலக்கரிப் புகையிலுள்ள கந்தகவீரொட்சைட்டே முதற் குற்றவாளி. மரத்தின் இலைக்கு மெழுகுத் தோல் உண்டு; வேண்டாததை வடிகட்ட வேரும் உண்டு. இலைக்கனுக்கு இரண்டும் இல்லை. மழைநீரில் எது கரைந்து வந்தாலும் குடித்தே தீரவேண்டும். தொங்கும் வகை முதலில் மடியும். இலை வகை அடுத்து. பட்டையோடு ஒட்டிய பொருக்கு வகையே கடைசிவரை தாக்குப் பிடிக்கும். அதுவும் போய்விட்டால் அங்கே காற்று எப்படி இருக்கும் என்று சொல்லவேண்டியதில்லை.

இந்த விஷயம் திருகோணமலைக்கு எட்டாத பாரிசுக் கதையன்று. கொட்டியாரக் குடாவின் தென்கரையிலே சம்பூரில் 500 மெகாவாற்று நிலக்கரி மின்நிலையம் அமைக்க இலங்கையும் இந்தியாவும் 2006இல் உடன்பட்டன. அதே ஆண்டு யுத்தத்தால் அவ்வூர் மக்கள் இடம்பெயர்ந்தனர். 2015 தொடக்கமே மீளக் குடியமரத் தொடங்கினர். நிலக்கரித் திட்டம் கைவிடப்படுவதாக 2016 செப்டெம்பரில் அரசு உயர்நீதிமன்றத்துக்கு அறிவித்தது. இப்போது அங்கே 120 மெகாவாற்றுச் சூரிய மின்திட்டத்துக்கு 2025 ஏப்ரலில் தொடக்கவிழா நடந்திருக்கிறது. சூரியனிலிருந்து கந்தகப் புகை வருவதில்லை, மகிழ்ச்சியே. உலகக் கப்பல்களின் எண்ணெயிலே கந்தகம் 3.5 வீதம் வரை இருக்கலாம் என்ற விதியும் 2020 தொடக்கம் 0.5 வீதமாகச் சுருங்கியது. துறைமுகத்துக்கு இது நல்ல செய்தி. ஆயினும் துறைமுகம் வளரவேண்டும் என்பதே எல்லோரது விருப்பமும். கப்பலும் பாரஊர்தியும் ஆலையும் பெருகும்போது காற்று கெட்டதா கெடவில்லையா என்ற வழக்கு என்றோ ஒரு நாள் எழாதிருக்காது. அன்றைக்கு, முன்னர் எப்படி இருந்தது என்பதற்குச் சாட்சி யார்? மரப்பட்டையிலே அச்சாட்சி எழுதப்பட்டிருக்கிறது. படித்துக் குறித்து வைத்தவர் இல்லையெனில் எழுத்தால் என்ன பயன்? சாட்சியையே சுரண்டிச் சுண்ணாம்பு அடித்துவிட்டால் பேச்சுக்கே இடமில்லை.

ஆகவே மாணவர்களுக்கு ஒரு வேலை சொல்கின்றோம். செலவு இல்லாத வேலை. தென்னை ஈர்க்கினாலே பத்துச் சதமமீற்றர்ச் சதுரங்கள் ஐந்தை ஏணிபோல ஒன்றின்மேல் ஒன்றாகக் கட்டிக்கொள்ளுங்கள். பாடசாலை வளவிலும் வீதியிலும் துறைமுகத்துக்கு அண்மையிலும் தொலைவிலுமாகப் பத்து மரங்களைத் தெரிந்தெடுங்கள். பத்தும் ஒரே சாதி மரமாய் இருக்கவேண்டும். தென்னையின் பட்டையும் வேம்பின் பட்டையும் தம்முள் மாறுபட்டவை. இரண்டையும் கலந்தால் கணக்குப் பிழைக்கும். ஈர்க்குச் சட்டத்தை நெஞ்சளவு உயரத்திலே மரத்தின் நான்கு பக்கமும் வைத்து, எத்தனை சதுரங்களில் தொங்கும் வகை, எத்தனையில் இலை வகை, எத்தனையில் பொருக்கு வகை, எத்தனையில் எழுத்து உண்டு என்று எண்ணி எழுதுங்கள். வகை பிரிக்காமல் மொத்தத்தை மட்டும் எண்ணுவது பயனற்றது. ஏனெனில் தூசியையும் உரத்தின் அமோனியாவையும் விரும்பும் இனங்கள் சில, காற்றுக் கெடும்போது பெருகவும் செய்யும். கைத்தொலைபேசி உள்ளவர்கள் பக்கத்திலே ஒரு காசை வைத்துப் படமும் எடுத்துக்கொள்ளலாம். அடையாளத்துக்காக ஆணி அடிக்க வேண்டாம்.

மாரி ஓய்ந்த தை மாசியிலே, பனி காயாத காலை வேளை இதற்கு ஏற்றது. ஈரம் இருக்கும்போது திட்டுக்களின் பச்சை துலங்கும், எல்லை நன்றாகத் தெரியும். குறிப்பேட்டின் முதற்பக்கத்திலே திகதியையும், மரம் நிற்கும் இடத்தையும், எந்த மதிலிலிருந்து எத்தனை அடி என்பதையும் மைப்பேனாவினால் தெளிவாக எழுதி, ஏட்டைப் பாடசாலை நூலகத்திலே ஒப்படைத்துவிடுங்கள். ஐந்தாண்டு கழித்து வேறொரு வகுப்புப் பிள்ளைகள் அதே மரத்தைத் தேடி வர வேண்டியிருக்கும்.